கடல்கட்டியும் பால்சுறாவும்

ஆரணியின் ஓரமாக ஓடும் கமண்டல நாகநதி செய்யாற்றில் கலக்கிறது. செய்யாறு பாலாற்றோடு சேர்கிறது. பாலாறு கல்பாக்கத்துக்குத் தெற்கே வயலூர் அருகே வங்கக் கடலில் விழுகிறது. தறிச் சத்தமும் நெல் மண்டியும் அடையாளமாகிவிட்ட ஓர் ஊர், கடலோடு தனக்கு உறவில்லை என்று எண்ணுவது இயல்பே. ஆனால் இவ்வூரில் பெய்யும் மழையின் மிச்சம் கடலுக்குப் போகிறது. கடலில் பிடிபடும் மீனின் ஒரு பங்கு ஐஸ் பெட்டியிலும் கருவாட்டுக் கூடையிலும் இவ்வூருக்கு வருகிறது. அப்படி வருபவற்றுள் சுறாவும் ஒன்று. சுறாவைப் பற்றிய அச்சம் திரைப்படத்தின் வழியாகவும், சுறாவின் இறைச்சி பிள்ளை பெற்ற பெண்ணுக்குச் செய்யும் சுறாப் புட்டின் வழியாகவும் உள்நாட்டு மக்களை எட்டியிருக்கின்றன. இந்த அச்சத்துக்கு எவ்வளவு அடிப்படை உண்டு, தமிழகக் கரையோர மக்கள் அதனை எவ்வாறு எதிர்கொண்டனர், அவர்களுக்கும் சுறாவுக்கும் இடையிலான கணக்கில் இன்று யார் பக்கம் இழப்பு மிகுந்துள்ளது என்பவையே இச்சொற்பொழிவின் பொருள்.

சுறா மீனினத்தைச் சேர்ந்ததே ஆயினும், அயிரையையோ வஞ்சிரத்தையோ போன்ற எலும்பு மீன் அன்று. அதன் உடலைத் தாங்கும் சட்டகம் மனிதரின் காது மடலில் இருப்பது போன்ற குருத்தெலும்பால் ஆனது. திருக்கை, உழுவை, வேளா ஆகியவையும் இந்தக் குருத்தெலும்பு மீன் வகுப்பைச் சேர்ந்த உறவுகளே. எலும்பு மீன்களை மிதக்க வைக்கும் காற்றுப்பை சுறாவுக்குக் கிடையாது. அதற்கு ஈடாக எண்ணெய் நிறைந்த பெரிய ஈரல் அதன் உடலைத் தாங்குகிறது. அதன் தோலில் செதிலுக்குப் பதிலாகப் பல்லின் அமைப்பையே ஒத்த நுண்ணிய முட்கள் நெருங்கிப் படிந்திருப்பதால், தலையிலிருந்து வாலை நோக்கித் தடவும்போது வழவழப்பாகவும் எதிர்த்திசையில் தடவும்போது உப்புத்தாள் போலவும் இருக்கும். அதன் மூக்குப் பகுதியில் பசை நிறைந்த நுண்துளைகள் உள்ளன. 1678-ஆம் ஆண்டு இத்தாலிய மருத்துவர் ஸ்டெபானோ லொரென்சினி இவற்றை விரிவாக எழுதியதால் இவை லொரென்சினிக் குடுவைகள் என்று அழைக்கப்படுகின்றன. மணலுக்குள் மறைந்திருக்கும் மீனின் தசை அசைவில் எழும் மிக மெல்லிய மின்புலத்தைக்கூட இவற்றின் வழியே சுறா அறிந்துகொள்கிறது. உலகில் 500-க்கும் மேற்பட்ட சுறா இனங்கள் இருப்பதாக அறிவியலாளர் கணக்கிட்டுள்ளனர். உள்ளங்கையில் அடங்குபவையும் அவற்றுள் உண்டு. மிதவை உயிரிகளை வடிகட்டி உண்டு வாழும் பேருந்து அளவிலான திமிங்கலச் சுறாவும் உண்டு.

இத்தனை இனங்களுள் மனிதருக்குக் கடும் காயம் விளைவித்தவை என்று பெரும்பாலும் பதிவானவை மூன்றே: வெண்சுறா, புலிச்சுறா, காளைச்சுறா. உலகெங்கும் நிகழும் சுறாத் தாக்குதல்களை அமெரிக்காவின் புளோரிடா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் நெடுங்காலமாகத் தொகுத்து வருகிறது. மனிதர் சீண்டாமலே சுறா கடித்த நிகழ்வுகள் உலகம் முழுவதற்கும் சேர்த்து ஆண்டுக்கு அறுபது, எழுபது என்ற அளவில்தான் பதிவாகின்றன. அவற்றுள் உயிரிழப்பில் முடிபவை பெரும்பாலும் பத்தைத் தாண்டுவதில்லை. இந்தியாவில் இத்தகைய செய்தி அரிதினும் அரிது. 2024 பிப்ரவரியில் மகாராட்டிர மாநிலம் பால்கர் மாவட்டத்தில் மனோர் அருகே வைதர்ணா ஆற்றில் இறங்கிய இளைஞர் ஒருவரின் காலைக் காளைச்சுறா கடித்தது நாடெங்கும் செய்தியாயிற்று என்றால், அது அவ்வளவு அபூர்வமாக நிகழ்வது என்பதே காரணம். காளைச்சுறா நன்னீரிலும் வாழ வல்லது. கழிமுகம் வழியே ஆற்றுக்குள் வெகுதூரம் ஏறக்கூடியது. ஆதலால் கடலில் குளிப்பவர் மட்டுமன்றி ஆற்றில் இறங்குபவரும் அதனை எதிர்ப்பட நேர்கிறது.

எனினும் தமிழகக் கரையில் சுறாவைப் பற்றிய அச்சம் வெறும் கற்பனையாக இருந்ததில்லை. ஏனெனில் ஒரு தொழில் மனிதரை நேரடியாகச் சுறா உலவும் ஆழத்துக்கே கொண்டு சேர்த்தது. அதுவே மன்னார் வளைகுடாவின் முத்துக்குளிப்பு. கடலடியில் முத்துச்சிப்பி படிந்து கிடக்கும் பாறைத் திட்டுகளுக்குப் பார் என்று பெயர். தூத்துக்குடிப் பரதவரும் கீழக்கரை முஸ்லிம் குளியாளிகளும் நிலக்காற்று வீசும் பின்னிரவில் தோணிகளைச் செலுத்தி விடியற்காலையில் பாரை அடைவர். குளியாளி கயிற்றில் கட்டிய கல்லின்மீது ஒரு காலை ஊன்றி, மூக்கைப் பிடித்துக்கொண்டு, பத்துப் பாகம் வரையிலான ஆழத்துக்கு ஒரே மூச்சில் இறங்குவார்; தரையைத் தொட்டதும் கல்லை விட்டுவிட, மேலிருப்பவர் அதை இழுத்துக்கொள்வார். ஏறத்தாழ ஒரு நிமிடத்துக்குள் கைக்கு எட்டிய சிப்பிகளை வலைப்பையில் திரட்டிக்கொண்டு கயிற்றை அசைத்து மேலேறுவார். கண்ணாடியும் இல்லை, காற்றுக் குழாயும் இல்லை. கலங்கிய பச்சை வெளிச்சத்தில், எத்திசையிலிருந்து எது வரும் என்று அறியாத நிலையில், ஒரு நாளில் பலமுறை இவ்வாறு இறங்க வேண்டியிருந்தது. அந்த நிமிடத்தின் அச்சத்தைப் போக்குவதற்கெனத் தனியாக ஒருவர் அமர்த்தப்பட்டார். அவரே கடல்கட்டி. கடலையும் அதிலுள்ள சுறாக்களின் வாயையும் மந்திரத்தால் கட்டுபவர் என்பது பொருள்.

பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக் கரைக்கு வந்த மார்க்கோ போலோ இவ்வழக்கத்தைப் பதிவு செய்திருக்கிறார். முத்துக்குளிப்பு நடத்தும் வணிகர் கிடைத்த முத்தில் பத்தில் ஒரு பங்கை அரசனுக்கும், இருபதில் ஒரு பங்கை மீனைக் கட்டும் மந்திரக்காரருக்கும் கொடுத்தனர் என்பது அவர் தரும் செய்தி. அந்த மந்திரக்காரரை அவர் பிராமணர் என்றே குறிப்பிடுகிறார். இதைவிடக் கவனிக்கத் தக்கது, அக்கட்டு பகலுக்கு மட்டுமே செல்லும், இரவில் அவிழ்க்கப்பட்டுவிடும் என்று அவர் கூறுவது. இரவில் கட்டு இல்லையென்றால் திருட்டுத்தனமாக முத்துக்குளிக்க எவரும் துணியமாட்டார். ஆகவே கடல்கட்டியின் மந்திரம் குளியாளியின் அச்சத்தைத் தணித்ததோடு, பொதுச் சொத்தாகிய பாரைக் காவல் காக்கவும் பயன்பட்டது. காவற்படகு எதுவும் இல்லாத காலத்தில் சுறாவே இரவுக் காவலாளியாக அமர்த்தப்பட்டது என்று கொண்டால் தவறில்லை. இவ்வேற்பாட்டை மூடநம்பிக்கை என்ற ஒரு சொல்லால் ஒதுக்கிவிடுவோர் அதன் நுட்பத்தைக் காணத் தவறுகின்றனர்.

ஐந்நூறு ஆண்டுகள் கழித்து, இலங்கைப் பக்கத்து முத்துக்குளிப்பைப் பற்றி எழுதிய ஜேம்ஸ் கார்டினர் 1807-இல் வெளியான தம் நூலில் இதே பணியாளரைக் காட்டுகிறார். கடல்கட்டிகள் இருவர் இருந்தனர். ஒருவர் தலைமை மாலுமியின் தோணியில் உடன் செல்ல, மற்றவர் கரையில் ஓர் அறைக்குள் ஆடையின்றி அடைபட்டுத் தோணிகள் திரும்பும்வரை எவர் கண்ணிலும் படாமல் இருந்தார். அவர் முன்னே நீர் நிறைந்த பித்தளைப் பாத்திரம் ஒன்றும், அதில் வெள்ளியால் செய்த ஆண் மீன் ஒன்றும் பெண் மீன் ஒன்றும் இருந்தன. கடலில் சுறாவால் எவருக்கேனும் தீங்கு நேர்ந்தால் அவ்வெள்ளி மீன்களுள் ஒன்று மற்றதைக் கடிக்கும் என்று நம்பினர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் இலங்கையின் காலனியச் செயலராக இருந்த எமர்சன் டென்னன்ட் காலத்தில் இப்பதவி பரம்பரை உரிமையாகத் தொடர்ந்தது. அப்போது அதனை வகித்த குடும்பத் தலைவர் ரோமன் கத்தோலிக்கர். மார்க்கோ போலோவின் காலத்துப் பிராமணரிடமிருந்து கத்தோலிக்கர் கைக்குப் பதவி மாறிய பிறகும், இந்துக்களும் கிறித்தவர்களும் முஸ்லிம்களுமாகிய குளியாளிகள் அதனை ஒரே வகையில் மதித்தனர். கடலில் இறங்குபவருக்கு வேண்டியிருந்தது துணிவு. அத்துணிவை யார் தந்தார் என்பது அவர்களுக்கு இரண்டாம் பட்சமாகவே இருந்தது.

இதே டென்னன்ட், ஆங்கிலேயர் ஆட்சி இலங்கையில் தொடங்கிய நாள்முதல் தம் காலம்வரை முத்துக்குளிப்பின்போது நிகழ்ந்ததாக உறுதிசெய்யப்பட்ட சுறா விபத்து ஒன்றுக்கு மேல் இல்லை என்றும் எழுதியுள்ளார். சுறா நிறைந்த கடலில், நூற்றுக்கணக்கான தோணிகளும் அவற்றின் பல மடங்கு குளியாளிகளும் ஆண்டுக்கு ஆண்டு இறங்கிய இடத்தில், இது வியப்பான செய்தி. அதற்கு அவர் காட்டும் காரணமும் ஏற்கத்தக்கதே: ஒரே இடத்தில் திரண்ட தோணிகளின் கூட்டம், ஆட்களின் இரைச்சல், ஓயாமல் விழும் கற்கள், ஏறி இறங்கும் கூடைகள் ஆகியவை சுறாக்களை மிரட்டி விலக்கியிருக்க வேண்டும். கடல்கட்டி வந்தால்தான் குளியாளிகள் இறங்கினர். அவர் வந்தபோது அனைவரும் ஒருசேர இறங்கினர். ஒருசேர இறங்கியதே அவர்களைக் காத்தது. மந்திரம் சுறாவைக் கட்டியதோ இல்லையோ, குளியாளிகளை ஒன்றாகக் கட்டியது. இந்தியக் கரையில் 1955-இல் மீண்டும் தொடங்கிய முத்துக்குளிப்பு 1961-ஆம் ஆண்டோடு நின்றுபோயிற்று. இன்று கடல்கட்டியும் இல்லை. தூத்துக்குடியில் சங்கு குளிப்பவர்கள் மட்டும் அதே கடலில் இன்றும் இறங்கி வருகின்றனர்.

கடலோர மக்கள் சுறாவை வெறும் பகையாகக் கருதியதில்லை என்பதற்கு இன்னும் பழைய சான்று உண்டு. கடியலூர் உருத்திரங்கண்ணனார் இயற்றிய பட்டினப்பாலை, காவிரிப்பூம்பட்டினத்துப் பரதவர் சுறவின் கொம்பை நட்டு அதில் தெய்வத்தை ஏற்றி வழிபட்டதையும், அந்நாளில் கடலுக்குள் மீன்பிடிக்கச் செல்லாமல் இருந்ததையும் காட்டுகிறது. சுறாவுக்குக் கொம்பு இல்லையாதலால், அது ரம்பம் போன்ற நீண்ட மூக்குடைய வேளாவின் உறுப்பாகவே இருந்திருக்க வேண்டும். அந்த வேளா மீன் இன்று தமிழகக் கரையில் கண்ணில் படுவதே அரிதாகிவிட்டது.

அச்சத்தை வேறு வகையில் எதிர்கொண்ட கரைகளும் உண்டு. அவற்றுள் தமிழருக்கு நெருக்கமான ஒன்று தென்னாப்பிரிக்காவின் டர்பன். சென்னையிலிருந்து சென்ற துருரோ என்னும் கப்பல் 1860 நவம்பரில் கரும்புத் தோட்டத்துக்கான ஒப்பந்தத் தொழிலாளரை இறக்கியது இந்நகரில்தான்; அவ்வழியே வந்தவர்களுள் சிலர் பின்னர் அக்கரையில் கரைவலை இழுத்து மீன்பிடித்தும் வாழ்ந்தனர். டர்பன் கடற்கரையில் 1952 முதல் சுறாவலைகள் கட்டப்பட்டன. 1957 டிசம்பரிலிருந்து அடுத்த ஏப்ரல்வரை அப்பகுதியின் தென்கரையில் அடுத்தடுத்து நிகழ்ந்த தாக்குதல்களில் பலர் இறந்ததும் வலைகள் பெருகின. 1964-இல் அதற்கெனத் தனி வாரியமும் அமைந்தது. அவ்வலைகள் கரையை அடைக்கும் வேலி அல்ல. அந்நீரில் சுறாவின் எண்ணிக்கையைக் குறைப்பதற்கான செவுள் வலைகளே. குளிப்பவர் உயிர் காக்கப்பட்டது உண்மை. அவற்றில் எவருக்கும் தீங்கு செய்யாத திருக்கையும் ஆமையும் ஓங்கிலும் சிக்கி மடிந்ததும் உண்மை. சுற்றுலாப் பயணியின் அச்சத்துக்கு இவ்வளவு விலை கொடுக்கத் தமிழகக் கரை ஒருபோதும் முற்பட்டதில்லை. அது இக்கரையின் நற்பேறு.

தமிழகத்தில் சுறாவுக்கு நேர்ந்த கேடு அச்சத்தால் வந்ததன்று, தேவையால் வந்தது. இரண்டாம் உலகப் போரின்போது மேலைநாட்டுக் காட் மீன் எண்ணெயின் வரத்து தடைப்பட, சென்னை மாகாண அரசு கோழிக்கோட்டில் சுறா ஈரலிலிருந்து எண்ணெய் எடுக்கும் ஆலையை நடத்தியது. வைட்டமின் ஏ நிறைந்த அவ்வெண்ணெய் குழந்தைகளுக்குக் கரண்டியில் புகட்டப்பட்டது. அடுத்து விசைப்படகும் இழுவலையும் வந்தன. இழுவலை கடலடியைத் துழாவிச் செல்லும்போது இறாலோடு சேர்ந்து சுறாக் குட்டிகளும் அள்ளப்படுகின்றன. அதன்பின் கிழக்காசிய விருந்துகளில் சுறாத் துடுப்புச் சூப்புக்கு ஏற்பட்ட வேட்கை, துடுப்பை இறைச்சியைவிடப் பன்மடங்கு விலையுள்ள பண்டமாக்கியது. குமரி மாவட்டத்தின் தூத்தூர் வட்டாரத்து மீனவர், நீண்ட கயிற்றில் வரிசையாகத் தூண்டில்களைக் கோத்து ஆழ்கடலில் விரிக்கும் முறையில் தேர்ந்து, கொச்சியைத் தளமாகக் கொண்டு அரபிக் கடலின் நெடுந்தொலைவுவரை சுறா தேடிச் சென்றனர். வாரக்கணக்கில் கடலிலேயே தங்கும் அவர்களின் திறமைக்கும் துணிவுக்கும் இந்தியாவில் இணை குறைவு. 2017 நவம்பர் இறுதியில் ஒக்கிப் புயல் வீசியபோது மிகுதியாக உயிரிழந்தவர்களுள் அவ்வூர்களைச் சேர்ந்தவர்களும் இருந்தனர். சுறா குறைந்ததற்கு அவர்களைக் குற்றவாளியாக்குவது நேர்மையன்று. வாங்குபவர் இருந்ததால்தான் அவர்கள் பிடித்தனர்.

சுறாவின் குறைவு ஏன் எளிதில் ஈடாவதில்லை என்பது அதன் பிறப்பில் அடங்கியுள்ளது. மத்தியும் நெத்திலியும் ஆயிரக்கணக்கில் முட்டையிட்டு ஓராண்டுக்குள் முதிர்ச்சி அடைபவை. சுறாக்களுள் பல இனங்களோ குட்டி ஈனுபவை. அவற்றுள் சிலவற்றில் தாய்க்கும் கருவுக்கும் இடையே நஞ்சுக்கொடியும் தொப்புள்கொடியும்கூட உண்டு. புட்டுக்கு வாங்கப்படும் சிறு இனமாகிய பால்சுறா ஓராண்டு அளவுக்குக் கருச் சுமந்து, ஓர் ஈற்றில் விரல்விட்டு எண்ணக்கூடிய குட்டிகளையே பெறுகிறது; பெரிய சுறாக்கள் பருவம் எய்தவே பல ஆண்டுகள் ஆகின்றன. இத்தகைய விலங்கை மீனைப் போலப் பிடித்தால் அது மீன் போல மீண்டு வராது. நேச்சர் இதழில் 2021-இல் வெளியான ஆய்வு, 1970-க்குப் பின் பெருங்கடல் சுறா, திருக்கை ஆகியவற்றின் எண்ணிக்கை உலக அளவில் 71 விழுக்காடு குறைந்துவிட்டதாகக் கணித்தது. ஆண்டுக்கு மனிதர் கொல்லும் சுறாக்கள் ஏறத்தாழ 10 கோடி என்பது 2013-இல் வெளியான மற்றொரு ஆய்வின் மதிப்பீடு. ஒருபுறம் பத்துக்கும் குறைவான மனித உயிர், மறுபுறம் பத்துக் கோடிச் சுறா என்னும் இவ்விரு எண்களையும் அருகருகே வைத்துப் பார்ப்பவர், யார் யாருக்கு அஞ்ச வேண்டும் என்பதை உணர்வர்.

ஆரணியிலிருந்து சில மணிநேரப் பயணத்தில் உள்ள ஓர் ஊரின் பெயரையே தாங்கிய சுறா ஒன்று உண்டு. புதுச்சேரியில் கிடைத்த மாதிரியைக் கொண்டு ஜெர்மானிய விலங்கியலாளர் முல்லரும் ஹென்லேவும் 1839-இல் விவரித்த இச்சிறு சுறா, அறிவியல் உலகில் புதுச்சேரிச் சுறா என்று வழங்குகிறது. ஒரு மீட்டர் அளவிலான இச்சுறா எவரையும் கடித்ததாகச் செய்தி இல்லை. அருங்காட்சியகங்களில் இருபதுக்கும் குறைவான மாதிரிகளே உள்ளன. 1979-க்குப் பின் ஐயத்துக்கு இடமின்றி ஒன்றும் கிடைக்கவில்லை. தமிழ் நிலத்துத் துறைமுகம் ஒன்றின் பெயரைச் சுமந்த உயிர், அத்துறைமுகத்தார் அறியாமலே மறைந்திருக்கக் கூடும் என்பது எளிதில் ஆறாத துயரம்.

சட்டம் இப்பொருளில் தயங்கித் தயங்கியே முன்சென்றது. 2001-ஆம் ஆண்டு மே மாதம் திமிங்கலச் சுறாவும், ஜூலையில் எல்லாச் சுறா, திருக்கை இனங்களும் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் கொண்டுவரப்பட்டன. மீனவரின் வாழ்வாதாரம் குறித்த எதிர்ப்பு எழுந்ததும் அதே ஆண்டு டிசம்பரில் பட்டியல் பத்து இனங்களாகச் சுருங்கியது. புதுச்சேரிச் சுறாவும் வேளா இனங்களும் அப்பத்தில் அடங்கும். துடுப்பை மட்டும் அறுத்துக்கொண்டு உடலைக் கடலில் எறிவது 2013-இல் தடுக்கப்பட்டது; துடுப்பு ஏற்றுமதிக்கு 2015-இல் தடை வந்தது; 2022-ஆம் ஆண்டுத் திருத்தம் பாதுகாப்புப் பட்டியலை மேலும் நீட்டியது. ஆனால் ஏற்றுமதிக்கு இட்ட தடை உள்நாட்டு இறைச்சிச் சந்தையைத் தொடுவதில்லை. இன்று தமிழகத்தில் சுறாவின் கதி பெரும்பகுதி உள்நாட்டு அடுப்பிலேயே முடிவாகிறது. அங்கேதான் ஆரணி போன்ற ஊர்களின் பொறுப்பு தொடங்குகிறது.

பிள்ளை பெற்றவளுக்குப் பால் சுரக்கும் என்று பால்சுறாவை வேகவைத்து, தோலுரித்து, உதிர்த்து, பூண்டும் மிளகும் சேர்த்துப் புட்டாக்கிக் கொடுப்பது தமிழகத்தில் பரவலான வழக்கம். அன்பில் விளைந்த அவ்வழக்கம் பழிக்கத்தக்கதன்று. புரதம் மிகுந்த உணவு தாய்க்குத் தேவை என்பதும் மெய்யே. ஆயினும் கடலில் கலக்கும் பாதரசம் சிறு மீனிலிருந்து பெரிய மீனுக்கு ஏறிஏறிச் சென்று, உணவுச் சங்கிலியின் உச்சியில் இருக்கும் சுறாவின் தசையில் மிகுதியாகத் தங்குகிறது. கருவுற்ற பெண்களும் பாலூட்டும் பெண்களும் தவிர்க்க வேண்டிய மீன்களின் வரிசையில் அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் சுறாவை வைத்திருப்பது இதனாலேயே. சிறிய பால்சுறாவில் இக்கேடு பெரிய சுறாவைவிடக் குறைவாக இருக்கலாம். ஆனால் துண்டாக்கி விற்கப்படும் இறைச்சி எச்சுறாவுடையது என்பதை வாங்குபவர் அறிய வழியில்லை. மத்தியும் நெத்திலியும் அதே ஊட்டத்தைக் குறைந்த விலையில், இந்த ஐயமின்றித் தருகின்றன.

ஆகவே மகப்பேற்று வீட்டுக்கு மீன் வாங்கச் செல்லும் பெரியவர்கள் மத்தியையோ நெத்திலியையோ கேட்டு வாங்குக. முழுச் சுறாவாக விற்கப்படுவதைக் கண்டால், அதனைப் புரட்டி, முன் துடுப்புகள் இரண்டுக்கும் நடுவே வயிற்றுப் பக்கத்தைப் பார்க்கலாம். அங்கே ஆறாத சிறு பிளவு ஒன்று தெரியுமானால் அது தொப்புள் தழும்பு. அச்சுறா பிறந்து சில வாரங்களே ஆன குட்டி. அத்தகைய குட்டியையும், சினையோடு பிடிபட்ட தாய்ச் சுறாவையும் வாங்க மறுத்து, மறுப்பதற்கான காரணத்தை விற்பவரிடம் சொல்லிவிட்டு வர வேண்டும் என்பதே ஆரணி மக்களிடம் இவ்வுரை வைக்கும் வேண்டுகோள்.